பத்து ரூபாய் டிக்கெட்டும் பம்புசெட் குளியலும்

சனிக்கிழமை காலையில் புதுச்சேரியில் வந்து இறங்கும் கூட்டம் எங்கே போகும் என்று யாரையும் கேட்க வேண்டியதில்லை. காந்தி சிலை, மஞ்சள் சுவர்த் தெருக்கள், மதியம் மீன் சாப்பாடு, சாயங்காலம் சுண்ணாம்பாற்றில் படகு. ஞாயிறு இரவு திரும்பும்போது செல்போனில் இருநூறு படம் இருக்கும். நூற்றைம்பதில் பின்னணி ஒரே சுவர்.

அதே சனிக்கிழமை காலையில் புதுச்சேரி ரயில் நிலையத்தில் விழுப்புரம் பாசஞ்சரில் ஏறுகிறவர்கள் வேறு ஆட்கள். பூக்கூடை, காய்கறி மூட்டை, மருத்துவமனைச் சீட்டு, காலேஜ் பை. 1879இல் போட்ட பாதை அது. பாசஞ்சர் ரயிலின் குறைந்தபட்சக் கட்டணம் பத்து ரூபாய். அந்தப் பத்து ரூபாய்க்கு வில்லியனூர் வந்துவிடும். பத்துக் கிலோமீட்டர்கூட முழுசாக இல்லாத அந்தப் பயணத்துக்கு அப்புறம் தொடங்குகிற புதுச்சேரியைச் சுற்றுலாக்காரர்கள் அநேகமாகப் பார்ப்பதில்லை. பார்க்க என்ன இருக்கிறது என்று சொல்ல ஆள் இல்லை என்பதுதான் காரணம். பார்க்க ஒன்றும் இல்லை என்பதல்ல.

மெக்சிகோவில் இதற்கென்று ஒரு தொழிலே இருக்கிறது. கான்கூன் கடற்கரையிலிருந்து விடியற்காலையில் வேன்கள் புறப்படும். சுமார் இருநூறு கிலோமீட்டர் உள்ளே போனால் சிச்சென் இட்சா, மாயா மக்கள் கட்டிய கல் நகரம். அங்குள்ள பிரமிடுக்கு நாலு பக்கமும் தொண்ணூற்றொன்று படி, மேலே ஒன்று, ஆக முந்நூற்று அறுபத்தைந்து என்று வழிகாட்டி கணக்குச் சொல்வார். பிரமிடின் மேல் ஏற இப்போது அனுமதி இல்லை என்பதையும் சொல்வார். வெயில் உச்சிக்கு வரும்போது வேன் ஒரு செனோட்டேவுக்குத் திரும்பும். சுண்ணாம்புக்கல் கூரை இடிந்து விழுந்து உண்டான இயற்கைக் கிணறு அது. மேலே வேர்கள் தொங்க, கீழே நீலத் தண்ணீர். காலையில் இடிபாடு, மதியம் குளியல், வழியில் சாப்பாடு, சாயங்காலம் விடுதி. எல்லாம் ஒரே டிக்கெட்டில்.

இடிபாடு, தண்ணீர் என்ற இந்த ஜோடி, சுற்றுலா நிறுவனங்கள் கண்டுபிடித்ததல்ல, பூமி போட்டுக் கொடுத்தது. யூக்கட்டான் தீபகற்பத்தின் வடபகுதியில் தரைமேல் ஆறுகளே கிடையாது. பெய்கிற மழையெல்லாம் சுண்ணாம்புக்கல்லில் ஊறிக் கீழே இறங்கிவிடும். கூரை இடிந்த இடத்தில்தான் தண்ணீர் கைக்கு எட்டும். ஆகவே மாயா ஊர்கள் செனோட்டேக்களை ஒட்டி வளர்ந்தன. 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் டைனோசர்களின் கதையை முடித்த விண்கல் விழுந்த பள்ளத்தின் விளிம்பை ஒட்டி இந்தக் கிணறுகள் பாதி வட்டமாக வரிசை கட்டி நிற்கின்றன என்பது கொசுறுச் செய்தி. ஊர் எங்கே என்று கேட்டால் தண்ணீர் எங்கே என்று கேட்டதாகத்தான் அர்த்தம்.

புதுச்சேரியில் கொம்யூன் என்று சொல்லும் பஞ்சாயத்து வட்டாரங்களில் வில்லியனூரிலும் பாகூரிலும் அதே கணக்குதான். ஒரு வித்தியாசம், இங்கே தண்ணீர் தரைமேலேயே இருந்தது. ஆறாக, வாய்க்காலாக, ஏரியாக, குளமாக. புதுச்சேரிப் பகுதிக்கு மட்டும் எண்பத்து நான்கு ஏரி என்று கணக்கு. ஒவ்வொரு பழங்கல்லும் ஏதாவது ஒரு கரையில்தான் நிற்கிறது.

வில்லியனூர் ஸ்டேஷனில் இறங்கி ஆட்டோக்காரரிடம் “கோயிலுக்கு” என்று சொன்னால் “எந்தக் கோயிலுக்கு, காமீஸ்வரரா, மாதாவா?” என்ற கேள்வி வரும். இரண்டுமே தண்ணீரோடு சேர்ந்தவை. திருக்காமீஸ்வரர் சோழர் காலத்துக் கோயில். அம்மனுக்குக் கோகிலாம்பாள் என்று பெயர். வைகாசித் தேருக்குப் பிரெஞ்சு ஆளுநர் வந்து வடம் பிடிப்பார். ஆட்சி மாறிய பிறகு அந்த வடம் துணைநிலை ஆளுநர் கைக்கு வந்தது. வேறு எங்கெங்கோ ஆண்டவர்களும் ஊரார் எதிர்பார்ப்பைத் தட்ட முடியாமல் வெறுங்காலில் நின்று கயிறு இழுத்த தெரு இது. 1760இல் இதே ஊர்க் கோட்டையை ஆங்கிலேயப் படை பிடித்தது. சில மாதத்தில், 1761 ஜனவரியில், புதுச்சேரியே விழுந்தது. அந்த நாட்களில் புதுச்சேரிக்குள் ஒருவர் தினப்படி சங்கதி எழுதிக்கொண்டிருந்தார். துபாஷ் ஆனந்தரங்கப் பிள்ளை. பட்டணம் விழுவதற்குச் சில நாள் முன்பு அவரும் கண்ணை மூடினார்.

மாதா கோயில் 1877இல் எழுந்தது. பிரான்சின் லூர்து ஊரில் மாதா காட்சி கொடுத்ததாகச் சொல்லும் 1858க்கும் இதற்கும் இடையில் இருபது வருடம்கூட இல்லை. முன்னால் படிக்கட்டுகளோடு ஒரு குளம். கிறிஸ்தவக் கோயிலுக்குத் தெப்பக்குளம் வெட்டிய ஊர் என்று வில்லியனூரைச் சொல்லலாம். லூர்தில் இருப்பது ஊற்று, இங்கே இருப்பது குளம். தமிழ்க் கண்ணுக்குப் புனிதத் தண்ணீர் என்றால் நாலு பக்கமும் படி இருந்தாக வேண்டும் போலிருக்கிறது.

இங்கிருந்து திருக்காஞ்சி கிட்டத்தில்தான். சங்கராபரணி ஆற்றங்கரையில் கங்கை வராக நதீஸ்வரர் கோயில். காசிக்கு அஸ்தி கொண்டுபோன ஒருவர் இங்கே இறங்கிப் பானையைத் திறந்தபோது சாம்பல் பூவாகியிருந்தது என்பது தலக்கதை. “காசிக்கும் வீசம் கூட” என்று பல தலங்களுக்குச் சொல்கிற வார்த்தையை இங்கேயும் சொல்கிறார்கள். மாசி மகத்துக்குக் கரை கொள்ளாத கூட்டம் வரும். 2023 ஏப்ரல் கடைசியில் தொடங்கிப் பன்னிரண்டு நாள் புஷ்கரணி விழா நடந்தபோது ஊருக்குள் வண்டி நுழைய முடியவில்லை.

மற்ற நாட்களில் போகிறவருக்கு ஒரு எச்சரிக்கை. படித்துறை படித்துறைதான், நீச்சல் குளமல்ல. சங்கராபரணியிலும் தென்பெண்ணையிலும் மணல் எடுத்த பள்ளங்கள் தண்ணீருக்கு அடியில் மறைந்திருக்கும். இடுப்பளவு என்று நினைத்துக் காலை எடுத்து வைத்தால் அடுத்த அடி ஆளை விழுங்கும். வருஷா வருஷம் கோடை விடுமுறையில் பேப்பரில் வருகிற செய்திகளில் பாதி வெளியூர்ப் பிள்ளைகளுடையவை. ஊர்ப் பிள்ளைகளுக்குப் பள்ளம் எங்கே என்று தெரியும். வழிகாட்டி எதற்கு என்று கேட்பவருக்கு இந்த ஒரு பதில் போதும்.

இந்தச் சங்கராபரணியை அலட்சியமாகப் பார்த்துவிட்டுப் போகக்கூடாது. செஞ்சிப் பக்கத்து மலையில் பிறந்து செஞ்சியாறு, வராக நதி என்று பெயர் மாறிமாறி வந்து, கடலைத் தொடும் முன் சுண்ணாம்பாறு, அரியாங்குப்பம் ஆறு என்று இரண்டாகப் பிரிகிறது. திருக்காஞ்சிப் படியில் மிதக்கிற பூ அரியாங்குப்பம் கிளையில் போனால் கடைசியில் ஒரு மேட்டைக் கடந்து போகும். அது அரிக்கமேடு.

அரிக்கமேட்டில் பார்க்க என்ன இருக்கிறது? மாந்தோப்பு, தென்னை, செங்கல் தூண் இரண்டு. தூணும் ரோமானியருடையதல்ல, பதினெட்டாம் நூற்றாண்டுப் பாதிரியார்களின் பள்ளிக்கூடத்துக்குச் சேர்ந்தது. சிச்சென் இட்சாவைப் பார்த்துவிட்டு வந்தவர் இங்கே நின்றால் ஏமாந்துபோவார். ஆனால் கதை? 1944இல் இந்தியத் தொல்லியல் துறைக்குத் தலைவராக வந்த மார்ட்டிமர் வீலர் மதராஸ் அருங்காட்சியகத்தின் அலமாரி ஒன்றுக்குள் கையை விட்டு ஒரு ஜாடியின் கழுத்தை வெளியே எடுத்தார். மத்தியதரைக் கடல் பக்கத்தில் மதுவும் எண்ணெயும் அடைத்து அனுப்பும் ஆம்போரா அது. எங்கே கிடைத்தது என்று விசாரித்தால் புதுச்சேரி என்றார்கள். புதுச்சேரிக்கு ஓடினார். பொது நூலகத்துக் கண்ணாடிப் பெட்டியில் இத்தாலியின் அரெஸ்ஸோ ஊர்ச் சிவப்புப் பாண்ட ஓடுகள் உட்கார்ந்திருந்தன. 1930களின் கடைசியிலேயே ழூவோ துப்ரேய் என்ற பிரெஞ்சுப் பேராசிரியர் அந்த மேட்டில் கிடந்த மணிகளையும் ஓடுகளையும் கவனித்துவிட்டார்; ஊர்ச் சிறுவர்கள் மழைக்குப் பிறகு பொறுக்கி வந்து கொடுத்தவையும் அதில் உண்டு. 1945இல் வீலர் தோண்டினார், பிறகு கசால், 1989 முதல் 1992 வரை விமலா பெக்லி. கிரேக்க மாலுமி ஒருவர் முதல் நூற்றாண்டில் எழுதிய கையேட்டில் வரும் ‘பொதுகே’ துறைமுகம் இதுதான் என்று பெரும்பாலோர் ஏற்கிறார்கள்.

தோண்டியதெல்லாம் மறுபடி மூடப்பட்டது. பொருட்களில் ஒரு பகுதி புதுச்சேரி அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அதனால் வரிசை மாற வேண்டும்: முதலில் அருங்காட்சியகம், பிறகு மேடு. கண்ணில் சிவப்பு ஓட்டையும் நீல மணியையும் வாங்கிக்கொண்டு போனால் மாந்தோப்பு பேசும். வெறுங்கண்ணோடு போனால் மாங்காய்தான் தெரியும். மேட்டில் கிடக்கும் மணியையோ ஓட்டையோ பாக்கெட்டில் போட்டுக்கொள்ளக் கூடாது. சட்டப்படி பாதுகாக்கப்பட்ட இடம். மெக்சிகோவில் எட்வர்ட் தாம்சன் என்ற அமெரிக்கர் சிச்சென் இட்சாவின் புனிதச் செனோட்டேயை 1904 முதல் வாரி, பொன்னும் பச்சைக் கல்லும் மனித எலும்பும் எடுத்து ஹார்வர்டுக்கு அனுப்பினார். அந்தப் பொருட்களைத் திரும்பப் பெற மெக்சிகோ பல ஆண்டு போராட வேண்டியிருந்தது. ஒரு மணியில் என்ன இருக்கிறது என்று நினைக்கிறவர் அதை ஞாபகம் வைத்துக்கொள்ளலாம்.

வில்லியனூரிலிருந்து பாகூர் போகும் சாலை மங்கலம், ஏம்பலம், கரிக்கலாம்பாக்கம் என்று போகிறது. இடையிடையே தமிழ்நாடு வந்து வந்து போகும். பிரெஞ்சுக்காரர்கள் கிராமம் கிராமமாக வாங்கியும் பிடித்தும் சேர்த்ததால் புதுச்சேரியின் வரைபடம் தரையில் விழுந்த கண்ணாடி மாதிரி சிதறிக் கிடக்கிறது. எந்த மாநிலத்தில் நிற்கிறோம் என்பதைச் சாராயக்கடைப் பலகையும் பெட்ரோல் விலையும் சொல்லும். வாடகை வண்டி எடுக்கிறவர் தமிழ்நாட்டுக்கும் பர்மிட் உண்டா என்று முதலிலேயே கேட்டுவிடுவது நல்லது.

வரலாற்றுக் கிறுக்கு உள்ளவர்கள் கீழூருக்கு ஒரு கிளை பிரியலாம். 1954 அக்டோபர் 18 அன்று பிரெஞ்சிந்தியாவின் மக்கள் பிரதிநிதிகள் 178 பேர் அங்கே கூடி வாக்களித்தார்கள். இந்தியாவோடு சேர 170, வேண்டாம் 8. நவம்பர் 1 அன்று ஆட்சி கைமாறியது. நினைவு மண்டபம் இருக்கிறது. கால் மணி நேரம் போதும்.

பாகூருக்குக் கால் மணி நேரம் போதாது.

ஊர் நடுவில் மூலநாதர் கோயில். தொல்லியல் துறையின் பாதுகாப்பில் உள்ள கோயில்தான். ஆனால் பூசை நடக்கிற கோயில், டிக்கெட் கிடையாது. சுவரெங்கும் கல்வெட்டு. சோழர் மட்டுமா? 949இல் தக்கோலத்தில் சோழ இளவரசன் ராஜாதித்தனை வீழ்த்திய ராஷ்டிரகூட மன்னன் மூன்றாம் கிருஷ்ணன் ‘கன்னரதேவன்’ என்ற பெயரில் இங்கே வருகிறான். வென்றவன் பெயரில் ஆண்டுக்கணக்கு மாறியது. ஊர்ச்சபை மட்டும் அப்படியே கூடி, நிலத்தையும் நெல்லையும் விளக்கெண்ணெயையும் பற்றித் தீர்மானம் போட்டுக்கொண்டிருந்தது. கன்னடத்து ராஜா ஆண்டாலும் விளக்கு எரிந்தாக வேண்டுமே.

கல்வெட்டு படிக்கத் தெரியாதவருக்கும் ஒரு வழி உண்டு. ‘ஸ்வஸ்திஸ்ரீ’ என்ற கிரந்த எழுத்துத் தொடக்கத்தைத் தேட வேண்டும்; அங்கேதான் புது ஆவணம் ஆரம்பம். அடுத்து ராஜாவின் பெயர், ‘யாண்டு’, எண். ட, ப, ம, ய போன்ற எழுத்துகள் இன்றைய வடிவத்துக்குப் பக்கத்திலேயே இருக்கும். புள்ளி பெரும்பாலும் வைக்கமாட்டார்கள், அதனால் கொஞ்சம் தடுமாறும். பத்து நிமிடம் நின்றால் ஒரு சொல் பிடிபடும். பத்தாம் நூற்றாண்டில் யாரோ செதுக்கிய ஒரு சொல்லைத் தானாகப் படித்துவிட்ட பள்ளிக்கூடப் பையன் அப்புறம் அந்தச் சுவரை விட்டு நகரமாட்டான்.

பாகூரின் பெரிய சொத்து சுவரில் இல்லை, செப்பேட்டில் இருக்கிறது. பல்லவ மன்னன் நிருபதுங்கவர்மனின் எட்டாம் ஆட்சியாண்டில், அதாவது ஒன்பதாம் நூற்றாண்டின் பின்பாதியில், பாகூரில் இருந்த வித்யாஸ்தானத்துக்கு, இன்றைய பேச்சில் சொன்னால் கல்லூரிக்கு, மூன்று கிராமங்கள் தானமாகப் போயின. சேட்டுப்பாக்கம், விளாங்காட்டங்கடுவனூர், இறைப்புணைச்சேரி. 1879இல் வெளிச்சத்துக்கு வந்த அந்த ஏடுகளில் சமஸ்கிருதமும் தமிழும் இருக்கின்றன. எழுதிய கவிஞருக்குப் பாகூரின் படிப்பைச் சொல்ல ஆற்று உவமைதான் கைக்கு வந்தது: வானத்திலிருந்து இறங்கும் கங்கையைச் சிவன் சடையில் தேக்கியதுபோல, பொங்கி வரும் கல்வி இந்த ஊரில் வந்து தேங்கியது என்கிறார். ஏரிக்கரையில் உட்கார்ந்து எழுதினாரோ என்னவோ.

பாகூர் தனியாகவும் இல்லை. வில்லியனூரைத் தாண்டி விழுப்புரம் சாலையில் போனால் வரும் திருபுவனைப் பெருமாள் கோயில் கல்வெட்டு, 1048இல், ராஜாதிராஜ சோழன் காலத்தில், அங்கே நடந்த கல்லூரிக்கு 260 மாணவர், 12 ஆசிரியர் என்று கணக்குச் சொல்கிறது. இன்னும் மேற்கே எண்ணாயிரத்தில் 340 மாணவர், 14 ஆசிரியர். ஒரு நாள் பைக் பயணத்துக்குள் அடங்கும் தூரத்தில் மூன்று கல்லூரிகள். சாப்பாட்டுக்கு ஒரு மாணவருக்கு நாளொன்றுக்கு எவ்வளவு நெல் என்பதுவரை கல்லில் வெட்டிவைத்த ஹாஸ்டல் நிர்வாகம். இந்த வழித்தடத்தில் இன்று பொறியியல் கல்லூரிப் பேருந்துகள் வரிசையாக ஓடுகின்றன. யாராவது ஒரு பேராசிரியர் முதலாண்டு மாணவர்களை இறக்கி அந்தச் சுவரைக் காட்டினால் டீசல் செலவு வீண்போகாது.

இதையெல்லாம் வெளியே கொண்டுவந்ததில் ஒரு உள்ளூர்க்காரருக்குப் பெரிய பங்கு. பாகூர் சு. குப்புசாமி ஊர் ஊராகச் சேகரித்த கல்வெட்டுகள்தான் கோ. விஜயவேணுகோபாலின் பதிப்பில், புதுச்சேரிக் கல்வெட்டுகள் என்று இரண்டு பகுதிகளாக, 2006லும் 2010லும் புதுச்சேரியின் பிரெஞ்சு ஆய்வு நிறுவனங்கள் வழியே நூலாயின. வழிகாட்டி என்றால் கழுத்தில் அடையாள அட்டை தொங்கவேண்டும் என்பதில்லை. சிச்சென் இட்சாவுக்கு உரிமம் பெற்ற வழிகாட்டிகள் நூற்றுக்கணக்கில் இருக்கலாம். பாகூருக்கு ஊர்க்காரர் ஒருவர் போதுமானதாக இருந்தது. அவர் விட்ட இடத்தைப் பிடிக்க இந்தக் கொம்யூன்களிலேயே படித்துவிட்டு வேலை தேடும் இருபது இளைஞர்களுக்கு ஒரு மாதப் பயிற்சி கொடுத்தால் என்ன? வெள்ளை நகரத் தெருக்களில் இன்டாக் அமைப்பு நடத்தும் மரபு நடைகளுக்குக் கூட்டம் வரத்தான் செய்கிறது. அந்த நடையின் எல்லையைப் பத்துக் கிலோமீட்டர் நீட்டும் வேலைதான் பாக்கி. தலைக்கு முந்நூறு ரூபாய் வாங்கினாலும் கொடுப்பார்கள்.

பன்னிரண்டு மணிக்குக் கோயில் நடை சாத்திவிடுவார்கள். மறுபடி திறக்க நாலு, நாலரை ஆகும். திட்டம் போடாமல் வருகிற வெளியூர்க்காரர் ஒரு மணிக்கு வந்து பூட்டைப் பார்த்துவிட்டு, பாகூரில் ஒன்றும் இல்லை என்று திரும்பிப் போவார். தெரிந்தவருக்கு அது குளிக்கிற நேரம்.

பாகூரைப் புதுச்சேரியின் நெற்களஞ்சியம் என்பார்கள். ஊரைச் சுற்றிக் கழனி, கரும்பு, கழனிக்கொட்டாய், கொட்டாய்க்குள் மோட்டார், வெளியே சிமெண்டுத் தொட்டி. நாலங்குலக் குழாயில் போர்த் தண்ணீர் வந்து அறைகிற அறையில் முதுகு நிமிரும். மதிய வெயிலிலும் முதல் நிமிடம் உடம்பு சிலிர்க்கும், அப்புறம் வெளியே வர மனசு வராது. மும்முனை மின்சாரம் இருக்கிற நேரத்தில்தான் மோட்டார் ஓடும். ஆகவே விசாரித்துவிட்டுப் போக வேண்டும். விசாரிப்பதென்றால் கழனிக்காரரிடம் அனுமதி கேட்பது. “குளிச்சிக்கலாமா அண்ணே?” என்றால் முடியாது என்பவர் அபூர்வம். “குளிங்க தம்பி, சோப்பு மட்டும் வாய்க்கால்ல விடாதீங்க, நாத்துல போய்ப் பாயுது” என்று ஒரு நிபந்தனை வரும். பாட்டிலும் கூச்சலுமாகப் போய் இறங்கிவிட்டு, அடுத்த முறை விடமாட்டேன் என்கிறார்களே என்று குறைபடுவதில் நியாயம் இல்லை.

அந்தத் தண்ணீர் எங்கிருந்து வருகிறது என்பதில்தான் சுவாரசியம். பாகூருக்கு வடமேற்கே, புதுச்சேரியிலிருந்து முப்பது கிலோமீட்டர் சுமாரில், திருவக்கரை. வக்கிரகாளியம்மன் கோயிலுக்குப் பௌர்ணமிக்குப் போகிறவர்களுக்கு நன்றாகத் தெரிந்த ஊர். பக்கத்திலேயே கல்மரப் பூங்கா. சுமார் இரண்டு கோடி ஆண்டுகளுக்கு முன் வெள்ளம் அடித்துக்கொண்டு வந்து மணலில் புதைத்த மரங்கள் கல்லாகிக் கிடக்கின்றன. பட்டை, கணு, வளையம் எல்லாம் தெரியும், தட்டினால் கல். பியேர் சொன்னெரா என்ற பிரெஞ்சு இயற்கையாளர் 1780களிலேயே இதைப் பற்றி எழுதிவிட்டார்; 1940இல் இந்தியப் புவியியல் ஆய்வுத் துறை தேசியப் பூங்கா ஆக்கியது. அந்த மரங்கள் புதைந்த பாறைக்குக் கடலூர் மணற்கல் என்று பெயர். அதே பாறை கடலை நோக்கிச் சரிந்து, வண்டலுக்கு அடியில் போய், புதுச்சேரிப் பகுதிக்குத் தண்ணீர்த் தொட்டியாக இருக்கிறது. காலையில் திருவக்கரையில் தொட்டுப் பார்த்த கல்லுக்குள் ஊறிய தண்ணீர்தான் மதியம் பாகூர்த் தொட்டியில் தலையில் விழுகிறது என்று சொன்னால் புவியியலாளர்கள் கொஞ்சம் முகம் சுளிக்கலாம், அடியோடு மறுக்கமாட்டார்கள்.

அந்தத் தண்ணீர் ஒரு காலத்தில் மோட்டாரே இல்லாமல் வந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பின்பகுதியில் பிரெஞ்சுக்காரர்கள் இந்தப் பகுதியில் குழாய் இறக்கியபோது தண்ணீர் தானாகப் பொங்கி வழிந்தது. கேள்விப்பட்டு ஆங்கிலேய அரசின் புவியியலாளர்களே வந்து பார்த்து எழுதினார்கள். பிறகு மோட்டார்கள் வந்தன, போர்கள் ஆழமாயின, நூறடி இருநூறாகி முந்நூறானது. பொங்கிய ஊற்றுகள் அடங்கின. கடலோரத்தில் உப்பு ஏறத் தொடங்கியது. 2002இல் நிலத்தடி நீரைக் கட்டுப்படுத்தப் புதுச்சேரி அரசு சட்டமே கொண்டுவந்தது. அதே காலத்தில் ஐரோப்பிய ஒன்றியத்தின் பணத்தில் ஏரிகளைத் தூர்வாரும் திட்டமும் நடந்தது. தொட்டியில் குதிக்கும் வெளியூர்க்காரர் இதையும் தெரிந்துகொண்டு குதித்தால் பரவாயில்லை. அரை மணி நேரம் போதும், மோட்டாரைக் கூடுதலாக ஓட விடச் சொல்ல வேண்டாம்.

குளித்துவிட்டு வந்தால் பசி எடுக்கும். கடைத்தெருவில் நூறு, நூற்றைம்பதுக்குள் சாப்பாடு. மீன் குழம்பு இருந்தால் அதைத்தான் கேட்க வேண்டும். கடல் கிழக்கே எட்டிப் பிடிக்கிற தூரம்.

நாலு மணிக்குமேல் ஏரிக்கரை. ஊசுட்டேரிக்கு அடுத்து புதுச்சேரியின் பெரிய ஏரி பாகூர் ஏரிதான். ஊசுட்டேரி வில்லியனூர்ப் பக்கம். 2008இல் பறவைகள் சரணாலயமாக அறிவிக்கப்பட்டது, ஏரியில் பாதி தமிழ்நாட்டுக்குச் சேர்ந்தது. பறவைகளுக்கு அது தெரியாது. பாகூர் ஏரிக்குத் தண்ணீர் தென்பெண்ணையிலிருந்து வருகிறது, சொர்ணாவூர் அணைக்கட்டில் பிரிந்து பங்காரு வாய்க்கால் வழியாக. இந்த வாய்க்காலுக்குக் கதை இருக்கிறது. சிங்காரி, பங்காரி என்று இரண்டு சகோதரிகள், ஆட்டக்காரிகள், தங்கள் நகையை விற்று வாய்க்கால் வெட்டினார்களாம். முத்திரையர்பாளையத்தில் ஆயி என்ற தாசி தன் மாளிகையை இடித்துக் குளம் வெட்டியதாக இன்னொரு கதை. அந்தத் தண்ணீர் பின்னாளில் பட்டணத்துக்கு வந்தபோது மூன்றாம் நெப்போலியன் காலத்தில் எழுப்பியதுதான் பாரதி பூங்காவின் வெள்ளை ஆயி மண்டபம். புதுச்சேரி அரசின் சின்னத்திலேயே அது இருக்கிறது. சிங்காரிக்கும் பங்காரிக்கும் மண்டபம் இல்லை. பங்காரிக்கு வாய்க்கால் பெயர் கிடைத்தது, அதுவும் பங்காரு என்று தெலுங்குப் பொன்னாக மாறி. ஆவணத்தில் ராஜாக்கள் தானம் செய்கிறார்கள். ஊர் வாயில் தண்ணீர் கொடுத்தவர்கள் எல்லாம் தாசிகள். இந்த இரண்டு கணக்கும் ஏன் ஒத்துப்போகவில்லை என்று யாராவது உட்கார்ந்து ஆராயலாம்.

மார்கழியில் ஏரி நிரம்பிக் கலங்கல் வழிகிற நாட்களில் கரை திருவிழா மாதிரி இருக்கும். பையன்கள் வழிகிற தண்ணீரில் புரள்வார்கள், வலை போடுவார்கள். 2024இல் அது திருவிழாவாக இல்லை. நவம்பர் 30 அன்று ஃபெஞ்சல் புயல் கரையேறி ஒரே நாளில் 46 சென்டிமீட்டருக்கு மேல் கொட்டியது. அடுத்து சாத்தனூர் அணை திறந்து தென்பெண்ணையில் வந்த வெள்ளம் பாகூர்ப் பக்கத்துக் கிராமங்களுக்குள் புகுந்தது. ஏரியைப் பார்க்க வருகிறவர் மழைக்காலத்தில் வானிலை அறிவிப்பைப் பார்த்துவிட்டு வருவது உத்தமம். தை, மாசி சரியான காலம். வெயில் தாங்கும், தண்ணீர் இருக்கும், பறவை இருக்கும், கோயில் கல்லில் கால் வைக்க முடியும்.

நடை திறந்ததும் மூலநாதரை இன்னொரு தடவை பார்ப்பது நல்லது. காலையில் தெரியாத எழுத்து சாயங்காலச் சாய்வெளிச்சத்தில் பள்ளமும் மேடுமாக எழுந்து நிற்கும்; கல்வெட்டுப் படிப்பவர்கள் டார்ச்சைப் பக்கவாட்டில் பிடிப்பது இதற்காகத்தான், இங்கே சூரியனே பிடிக்கிறது.

பாகூரிலிருந்து கன்னியக்கோயில் வழியாகப் புதுச்சேரிக்குப் பேருந்து இருக்கிறது. சனிக்கிழமை சாயங்காலம் என்றால் உட்கார இடம் கிடைப்பது சந்தேகம். கடலூர் சாலைக்கு வந்ததும் எதிரே பட்டணத்திலிருந்து திரும்பும் கார்களின் வரிசை நிற்கும். ஜன்னலோரம் இடம் பிடித்தவர் ஈரத்துண்டைக் கம்பியில் கட்டிவிட்டால் அரியாங்குப்பம் பாலம் வருவதற்குள் பாதி காய்ந்துவிடும்.